வணிகர் எழுதிய நாட்டுக் கணக்கு

தருமபுரிச் சந்தைக்குச் சென்றவர், அங்குப் புளியும் கேழ்வரகும் மாங்கனியும் விலைபோவதைக் கண்டிருப்பர். பொழுது சாய்ந்ததும் வணிகர் பேரேட்டை விரித்து, அன்று வந்தது இவ்வளவு, போனது இவ்வளவு, நின்றது இவ்வளவு என்று எழுதி முடித்த பின்னரே கடையைக் கட்டுவார். கணக்கு எழுதாதவர் கடை நெடுநாள் நில்லாது. இஃது எல்லாரும் அறிந்த உண்மை.

கணக்கு வணிகருக்கு மட்டும் உரியதன்று. ஊருக்கும் கணக்கு உண்டு. நாட்டுக்கும் கணக்கு உண்டு. தருமபுரி மாவட்டத்துப் பல ஊர்களில் நிலத்தடி நீரில் ஃப்ளூரைடு என்னும் உப்புப் பொருள் மிகுந்திருந்தது. அந்நீரைப் பல்லாண்டு பருகியவர்களுக்குப் பற்கள் கறைபட்டன, எலும்புகள் நலிவுற்றன. அத்துன்பத்தைப் போக்கும் பொருட்டு ஒகேனக்கல்லிலிருந்து காவிரி நீரைக் கொணரும் கூட்டுக் குடிநீர்த் திட்டம் வகுக்கப்பெற்று, 2013 ஆம் ஆண்டில் மக்களுக்கு உரியதாக்கப்பட்டது. அதற்குரிய பொருளில் ஒரு பகுதி சப்பான் நாட்டிலிருந்து கடனாக வந்தது. பென்னாகரத்திலோ பாலக்கோட்டிலோ குழாயைத் திறந்து குடத்தில் நீர் பிடிக்கும் சிறுமி, அந்நீருக்குப் பின்னே ஊரின் கணக்கும் நாட்டின் கணக்கும் உலகின் கணக்கும் நிற்பதை அறியாள். ஆயினும், அக்கணக்குகள் செவ்வனே எழுதப்படாவிடின் அவள் குடம் நிறையாது.

இம்மூவகைக் கணக்குகளையும் தம் வாழ்நாளில் எழுதிப் பார்த்த தமிழர் ஒருவர் உண்டு. தருமபுரியைப் போலவே கொங்கு நாட்டு மண்ணில் அமைந்த கோயமுத்தூரில் அவர் பிறந்தார். வணிகராகத் தொழில் தொடங்கினார். நகராண்மைக் கழகத்தில் ஊர்க் கணக்கைக் கற்றார். விடுதலை பெற்ற இந்தியாவின் முதல் நிதியமைச்சராய் நாட்டுக் கணக்கை எழுதினார். அவரே ஆர். கே. சண்முகம் செட்டியார் ஆவர்.

இளமையும் தொழிலும்

சண்முகம் செட்டியார் 1892 ஆம் ஆண்டு அக்டோபர்த் திங்கள் 17 ஆம் நாள் பிறந்தார். தந்தையார் பெயர் கந்தசாமி செட்டியார். அவர்தம் குடும்பம் வாணிகத்தால் வளம் பெற்ற குடும்பம். அக்காலத்துக் கோவை, இன்று நாம் காணும் பெருநகர் அன்று. சுற்றுப்புறக் கரிசல் நிலங்களில் பருத்தி விளைந்தது. 1888 ஆம் ஆண்டில் முதல் நூற்பாலை தோன்றியது. அதன் பின்னர் ஊரின் முகமே சிறிது சிறிதாக மாறலாயிற்று. வண்டிகளில் வந்திறங்கும் பருத்திப் பொதிகளையும், ஆலைகளிலிருந்து வெளிவரும் நூற்கட்டுகளையும் கண்டு வளர்ந்தவர் அவர்.

சென்னைக் கிறித்தவக் கல்லூரியில் பொருளாதாரம் பயின்றார். பின்னர்ச் சென்னைச் சட்டக் கல்லூரியிலும் கற்றுத் தேறினார். கல்வி முடிந்ததும் ஊருக்கு மீண்டு குடும்பத் தொழிலில் ஈடுபட்டார். ஒரு பண்டத்தின் விலை ஏன் ஏறுகிறது, ஏன் இறங்குகிறது, கடன் எப்பொழுது கைகொடுக்கிறது, எப்பொழுது கழுத்தை நெரிக்கிறது என்பவற்றை நூல்களில் கற்றதோடன்றிக் கடைத்தெருவிலும் கற்றார். ஏட்டறிவும் பட்டறிவும் ஒருங்கே வாய்த்தமை அவர்தம் பிற்கால வாழ்வுக்கு உறுதியான அடிப்படையாயிற்று.

ஊர்ப்பணி

1917 ஆம் ஆண்டில் அவர் கோவை நகராண்மைக் கழகத்தின் உறுப்பினரானார். அதன் துணைத் தலைவராகவும் பணியாற்றினார். அப்பொழுது அவருக்கு அகவை இருபத்தைந்து.

நகராண்மைக் கழகப் பணி புகழ் மிக்க பணியன்று. தெரு விளக்கு எரியவில்லை என்பார் ஒருவர். சாக்கடை அடைத்துக்கொண்டது என்பார் மற்றொருவர். வரி மிகுதி என்பார் எல்லாரும். விளக்கும் வேண்டும், வரியும் குறைய வேண்டும் எனின் அஃது எவ்வாறு இயலும்? வந்த வரியைக் கொண்டு எத்தெருவுக்கு முதலில் நீர் தருவது, எத்தெருவை அடுத்த ஆண்டுக்கு ஒத்திவைப்பது என்று முடிவு செய்ய வேண்டும். வணிகர் தம் முதலை இழந்தால் தாம் மட்டும் வருந்துவார். ஊர்ப்பணத்தை வீணாக்கினாலோ ஊரே வருந்தும். தன் பணத்துக்கும் பிறர் பணத்துக்கும் உள்ள இவ்வேறுபாட்டை உணர்த்தும் பள்ளிக்கூடம் நகராண்மைக் கழகம். நாட்டை ஆண்ட பெரியோர் பலர் இப்பள்ளியில் பயின்றவரே. சேலம் நகராண்மைக் கழகத்தில் இராசாசியும், ஈரோட்டு நகராண்மைக் கழகத்தில் பெரியார் ஈ. வெ. இராமசாமியும் ஏறத்தாழ அதே காலத்தில் தலைமைப் பொறுப்பில் இருந்தமை ஈண்டு நினைக்கத்தக்கது.

சட்டமன்றப் பணி

1920 ஆம் ஆண்டில் சண்முகம் செட்டியார் சென்னைச் சட்டமன்றத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பெற்றார். 1924 ஆம் ஆண்டு முதல் தில்லியிலிருந்த மத்திய சட்டமன்றத்தில் இடம் பெற்றார். அங்கே சுயராச்சியக் கட்சியின் கொறடாவாக விளங்கினார். நிதி, வாணிகம், சுங்கத் தீர்வை ஆகியவை பற்றிய உரையாடல்களில் அவர் சொல்லுக்கு மதிப்பு மிகுந்தது. ஜெனீவாவில் நிகழ்ந்த அனைத்துலகத் தொழிலாளர் மாநாடுகளில் இந்தியத் தொழில் முதல்வர்களின் பேராளராகவும் கலந்துகொண்டார். 1931 ஆம் ஆண்டில் மத்திய சட்டமன்றத்தின் துணைத் தலைவரானார். 1933 இல் அதன் தலைவரானார்.

இவ்வாறு ஏணியில் ஏறிய அவர், ஒரு படியில் சறுக்கவும் நேர்ந்தது. 1932 ஆம் ஆண்டில் கனடா நாட்டு ஒட்டாவா நகரில் பிரிட்டிசுப் பேரரசின் பொருளாதார மாநாடு கூடிற்று. பேரரசுக்குட்பட்ட நாடுகள் ஒன்றன் பண்டத்துக்கு மற்றொன்று தீர்வைச் சலுகை தரவேண்டும் என்பது அம்மாநாட்டின் முடிவு. இந்தியாவின் சார்பில் சென்ற குழுவில் சண்முகம் செட்டியாரும் ஒருவர். அவ்வுடன்பாட்டினால் இந்தியாவின் ஏற்றுமதி பிழைக்கும் என்று அவர் கருதினார். இங்கிலாந்தின் பண்டங்கள் நம் சந்தையை நிரப்புவதற்கே அது வழிவகுக்கும் என்று தேசியவாதிகள் கருதினர். 1934 ஆம் ஆண்டுத் தேர்தலில் காங்கிரசு வேட்பாளரிடம் அவர் தோல்வியுற்றார். சட்டமன்றத்தின் தலைவராக வீற்றிருந்தவர் அம்மன்றத்தின் உறுப்பினராகவும் இல்லாமற் போயினார். ஐந்தொகை எழுதும் வணிகர் ஊதியத்தை மட்டுமன்றி இழப்பையும் எழுதியாதல் வேண்டும். மக்கள் தந்த தீர்ப்பை அவர் ஏற்று அமைந்தார்.

கொச்சியில்

1935 ஆம் ஆண்டில் கொச்சி மன்னர் அவரைத் தம் அரசின் திவானாக அமர்த்தினார். 1941 ஆம் ஆண்டு வரை அவர் அப்பதவியில் இருந்தார். கொச்சித் துறைமுகம் வளர்ந்தோங்கிய காலம் அது. கடலின் வாயிலை அடைத்திருந்த மணல் திட்டை வெட்டி வழி செய்ததும், தூர் வாரிய மண்ணைக் கொட்டி வெலிங்டன் தீவை உருவாக்கியதும் பிரிஸ்டோ என்னும் பொறியாளரின் அரும்பணிகள். 1936 ஆம் ஆண்டில் கொச்சி பெருந்துறைமுகமாக அறிவிக்கப்பட்டது.

துறைமுகத்தினும் நினைக்கத்தக்கது மற்றொன்று. 1938 ஆம் ஆண்டில் கொச்சி அரசு, ஆட்சித் துறைகளுள் சிலவற்றை மக்களால் தேர்ந்தெடுக்கப்பட்டவர்களுள் ஒருவராகிய அமைச்சரிடம் ஒப்படைத்தது. இந்தியச் சுதேச அரசுகளுள் இம்முறையை முதன்முதல் மேற்கொண்டது கொச்சியே. மன்னருக்கு மட்டும் கணக்குக் காட்டிய ஆட்சி, மக்களின் பேராளர்க்கும் கணக்குக் காட்டத் தொடங்கியது. எறணாகுளத்தில் கடற்கழி ஓரமாகச் செல்லும் பெருஞ்சாலை இன்றும் சண்முகம் சாலை என்றே வழங்குகிறது.

உலக அரங்கில்

இரண்டாம் உலகப் போர் முடியுமுன்னரே, போருக்குப் பின் உலகப் பொருளாதாரத்தை எவ்வாறு சீரமைப்பது என்ற எண்ணம் எழுந்தது. 1944 ஆம் ஆண்டு சூலைத் திங்களில் அமெரிக்காவிலுள்ள பிரெட்டன் உட்சு என்னும் மலையூரில் 44 நாடுகளின் பேராளர்கள் கூடினர். பன்னாட்டு நிதியமும் உலக வங்கியும் அங்கேதான் கருக்கொண்டன. இந்தியக் குழுவில் சி. டி. தேசுமுக், ஏ. டி. சிராபு முதலியோருடன் சண்முகம் செட்டியாரும் இடம் பெற்றிருந்தார்.

அங்கு இந்தியர்கள் எழுப்பிய வினா ஒன்று நாம் அறியத்தக்கது. போர்க்காலத்தில் பிரிட்டன் இந்தியாவிலிருந்து உணவும் துணியும் பிற பண்டங்களும் பெற்றது. அவற்றின் விலையை உடனே தரவில்லை. இலண்டனில் இந்தியாவின் பெயரால் கணக்கில் வரவு வைத்தது. இங்கே மக்கள் பண்டமின்றி வாடினர். 1943 ஆம் ஆண்டில் வங்காளத்தில் கொடும்பஞ்சம் தோன்றிப் பல லட்சம் உயிர்களைக் கொண்டது. ஏழை நாடு பட்டினி கிடந்து செல்வ நாட்டுக்குக் கொடுத்த கடன் அது. அக்கடன் எப்பொழுது, எவ்வாறு திரும்பி வரும் என்பதே இந்தியர் கேட்ட கேள்வி. அம்மாநாடு அதனைத் தன் பொறுப்பில் ஏற்கவில்லை. ஆனால் நான்கு ஆண்டுகளுக்குப் பின், 1948 ஆம் ஆண்டில், விடுதலை பெற்ற நாட்டின் நிதியமைச்சராகச் சண்முகம் செட்டியாரே இலண்டன் சென்று அக்கடன் பற்றி உடன்பாடு செய்துகொண்டார். அடிமை நாட்டின் பேராளராய்க் கேட்ட கணக்கை, உரிமை நாட்டின் அமைச்சராய்ப் பேசித் தீர்த்தார்.

முதல் வரவு செலவுத் திட்டம்

1947 ஆம் ஆண்டு ஆகஸ்டுத் திங்கள் 15 ஆம் நாள் இந்தியா விடுதலை பெற்றது. பண்டித நேரு அமைத்த முதல் அமைச்சரவையில் காங்கிரசைச் சாராத அறிஞர் சிலரும் இடம் பெற்றனர். அண்ணல் அம்பேத்கர் அவர்களுள் ஒருவர். சண்முகம் செட்டியார் மற்றொருவர். பதின்மூன்று ஆண்டுகளுக்கு முன் காங்கிரசு எந்த மனிதரைத் தேர்தலில் வீழ்த்தியதோ, அம்மனிதரிடமே நாட்டின் கருவூலத்தை ஒப்படைத்தது. அழைத்தவர் பெருந்தன்மையும் ஏற்றவர் பெருந்தன்மையும் ஒருங்கே பாராட்டத்தக்கன.

அவர் பொறுப்பேற்ற காலம் மிகக் கொடிய காலம். நாடு இரண்டாகப் பிரிந்தது. ஒரு கோடிக்கு மேற்பட்ட மக்கள் வீடிழந்து எல்லை கடந்தனர். காசுமீரத்தில் போர் மூண்டது. உணவுத் தானியத் தட்டுப்பாடு எங்கும் நிலவியது. பிரிந்த இரு நாடுகளும் சில காலம் ஒரே நாணயத்தையும் ஒரே மைய வங்கியையும் பயன்படுத்த வேண்டியிருந்தது. பாகப் பிரிவினை முடியாத வீட்டில் அடுப்பு மூட்டி எல்லார்க்கும் சோறு படைக்கும் நிலைமை அது.

அந்நிலையில், 1947 ஆம் ஆண்டு நவம்பர்த் திங்கள் 26 ஆம் நாள் மாலை, சுதந்தர இந்தியாவின் முதல் வரவு செலவுத் திட்டத்தை அவர் அவையில் வைத்தார். அது முழு ஆண்டுக்கு உரியதன்று. விடுதலை நாள் தொடங்கி 1948 மார்ச்சு 31 முடிய ஏழரை மாதங்களுக்கு உரியது. வரவு 171 கோடியே 15 லட்சம் ரூபாய்; செலவு 197 கோடியே 39 லட்சம் ரூபாய். ஆகவே 26 கோடியே 24 லட்சம் ரூபாய் துண்டு விழுந்தது. செலவில் ஏறத்தாழச் செம்பாதி, அதாவது 92 கோடியே 74 லட்சம் ரூபாய், நாட்டுப் பாதுகாப்புக்கு உரியது. வீடிழந்து வந்தோரைக் காப்பதற்கும், உணவுத் தானியத்தை மக்கள் வாங்கக்கூடிய விலைக்குக் கொடுப்பதற்கும் பெருந்தொகை வேண்டியிருந்தது.

துண்டு விழுந்த தொகையை ஈடு செய்ய மக்கள் தலையில் வரிச்சுமையை ஏற்றலாம். ஆனால் துயருற்ற மக்களிடம் அவ்வாறு கேட்க அவர் விரும்பவில்லை. அவர் கொணர்ந்த புதிய தீர்வை, வெளிநாட்டுக்கு ஏற்றுமதியாகும் பருத்தித் துணிக்கும் நூலுக்கும் உரியது. கோவை மாநகர் வாழ்வதே பருத்தியால். அவர்தம் குடும்பமும் அத்தொழிலுலகைச் சார்ந்ததே. அங்ஙனமிருந்தும், நாட்டுக்குப் பொருள் வேண்டிய வேளையில் அவர் கை நீண்டது தமக்கு நெருங்கிய தொழிலின்பால்தான். நடுவு நிலைமைக்குத் துலாக்கோலை உவமையாக்கினார் வள்ளுவர். வணிகரின் கையிலிருக்கும் அக்கோல் ஆட்சியாளர் கைக்கு மாறியபோதும் சாயாதிருத்தல் வேண்டும் என்பதற்கு இந்நிகழ்ச்சி சான்றாகும்.

அவர் அமைச்சராய் இருந்த காலத்திலேயே, 1948 ஆம் ஆண்டு சூலையில், தொழிற்சாலைகளுக்கு நீண்டகாலக் கடன் வழங்கும் இந்தியத் தொழில் நிதிக் கழகம் நிறுவப்பெற்றது.

பதவி துறத்தல்

மறு திங்களே அவர் வாழ்வில் பெருஞ்சோதனை வந்தது. போர்க்காலத்தில் பெரும்பொருள் ஈட்டியும் வருமான வரி செலுத்தாது மறைத்தவர்களைக் கண்டறிய ஓர் ஆணையம் ஏற்படுத்தப்பட்டிருந்தது. அதன் ஆய்வுக்குரியோர் பட்டியலிலிருந்து சிலருடைய பெயர்கள் நீக்கப்பட்டன என்ற செய்தி வெளிவந்தது. எளியவனுக்கு ஒரு நீதி, ஆலை முதலாளிக்கு மற்றொரு நீதியோ என்று அவையில் கேள்வி எழுந்தது. அக்கேள்வி நேர்மையான கேள்வி. துறையில் நிகழ்ந்ததற்கு அத்துறையின் அமைச்சரே பொறுப்பு. 1948 ஆம் ஆண்டு ஆகஸ்டில் சண்முகம் செட்டியார் நிதியமைச்சர் பதவியிலிருந்து விலகினார். அவர் அப்பதவியில் இருந்தது ஏறத்தாழ ஓராண்டே.

இதனை அவர் வாழ்வின் களங்கம் என்று கூறி மறைப்பாரும் உளர். மறைக்க வேண்டுவதில்லை. வணிகர் ஒருவர் ஆட்சிக்கு வரும்போது, தம் இனத்தாராகிய வணிகர்பால் இரக்கம் காட்டுவாரோ என்ற ஐயம் மக்கள் உள்ளத்தில் எழுவது இயல்பு. அவ்வையத்தை அவையில் எழுப்ப மக்களாட்சியில் உரிமை உண்டு. ஐயத்துக்கு இடம் நேர்ந்த வழிப் பதவியை விட்டு நீங்குவது அமைச்சருக்குக் கடமை. நாட்டுக்குக் கணக்கு எழுதியவரிடமே நாடு கணக்குக் கேட்டது. கேட்டதும் நன்று, அவர் விலகியதும் நன்று. புதிதாய்ப் பிறந்த குடியரசு இவ்வாறே தன் வழக்கங்களை அமைத்துக்கொண்டது.

தமிழ்ப்பணி

பொருளியல் அறிஞராகிய அவர் தமிழ்ச் சுவையிலும் திளைத்தவர். இசையரங்குகளில் தமிழ்ப் பாடல்கள் அருகியிருந்த காலத்தில், தமிழருக்குத் தமிழில் இசை வேண்டும் என்று அண்ணாமலை அரசர் தொடங்கிய தமிழிசை இயக்கத்தில் முன்னின்று உழைத்தார். சிலப்பதிகாரத்தின் புகார்க் காண்டத்தை உரையுடன் 1946 ஆம் ஆண்டில் வெளியிட்டார். புகார் வணிகர் வாழ்ந்த நகர். கோவலன் வணிகர் குடித் தோன்றல். ஆராயாது தீர்ப்பளித்த மன்னன் அறத்தின்முன் நிற்கமாட்டாது வீழ்ந்ததைக் கூறுவது அக்காப்பியம். ஆளுவோர் கணக்குக் கொடுத்தே ஆகவேண்டும் என்னும் அதன் கருத்து, அதைப் போற்றியவர் வாழ்விலும் இரண்டாண்டில் நிகழக் காண்கிறோம்.

பதவியை விட்டபின் அவர் பொதுவாழ்வை வெறுத்து ஒதுங்கினாரல்லர். 1952 ஆம் ஆண்டுத் தேர்தலில் எக்கட்சியையும் சாராது நின்று சென்னைச் சட்டமன்ற உறுப்பினரானார். 1953 ஆம் ஆண்டு மே 5 ஆம் நாள் இவ்வுலக வாழ்வை நீத்தார்.

முடிவுரை

மாணவர்களே! சண்முகம் செட்டியார் வாழ்வில் வெற்றியும் உண்டு, தோல்வியும் உண்டு. வெற்றியை மட்டும் எடுத்துரைப்பது அரைக் கணக்கு; இரண்டையும் எழுதுவதே முழுக் கணக்கு. அவர் எழுதிய 197 கோடி ரூபாய்த் திட்டம் இன்று பல லட்சம் கோடிகளாகப் பெருகிவிட்டது. தொகை பெருகியதேயன்றி முறை மாறவில்லை. உங்கள் ஊராட்சியிலும் ஆண்டுதோறும் கிராமசபை கூடுகிறது. வரவும் செலவும் அங்கே படிக்கப்படுகின்றன. தருமபுரியிலோ, அரூரிலோ, நீங்கள் வாழும் எச்சிற்றூரிலோ, அடுத்த முறை அவை கூடும்போது பெற்றோருடன் சென்று அமர்ந்து கேளுங்கள். குழாய்க்கு எவ்வளவு, விளக்குக்கு எவ்வளவு, மீதம் எவ்வளவு என்று பணிவுடன் வினவுங்கள். கணக்குக் கேட்கும் குடிமக்களும் கணக்குக் கொடுக்கும் தலைவர்களும் உள்ள நாடே நல்ல நாடு.

அருஞ்சொற் பொருள்

பேரேடு - வரவு செலவுகளை வகைப்படுத்தி எழுதும் பெரிய கணக்குப் புத்தகம்
ஐந்தொகை - முதலும் கடனும் இருப்பும் காட்டும் ஆண்டு முடிவுக் கணக்கு
கொறடா - அவையில் தம் கட்சி உறுப்பினரை ஒழுங்குபடுத்துபவர்
தீர்வை - பண்டங்களுக்கு விதிக்கும் வரி
துண்டு விழுதல் - செலவுக்கு வரவு போதாமை
கருவூலம் - அரசின் பொருட்சாலை
துலாக்கோல் - தராசு

வினாக்கள்

1. வணிகர் கணக்குக்கும் ஊர்க் கணக்குக்கும் உள்ள வேறுபாடு யாது?
2. ஒட்டாவா உடன்பாடு பற்றி எழுந்த இரு கருத்துகளை எடுத்து எழுதுக.
3. போர்க்காலத்தில் பிரிட்டன் இந்தியாவுக்குக் கடன்பட்டது எவ்வாறு?
4. விடுதலை பெற்ற இந்தியாவின் முதல் வரவு செலவுத் திட்டத்தில் துண்டு விழுந்தமைக்குக் காரணங்கள் யாவை?
5. ‘கேட்டதும் நன்று, அவர் விலகியதும் நன்று’ - இக்கூற்றை விளக்குக.
6. உங்கள் ஊராட்சியின் வரவினங்கள் ஐந்தையும் செலவினங்கள் ஐந்தையும் கேட்டறிந்து எழுதுக.